ஸைஃபாய்ட் வந்த தாமான்

"மாதவி, இங்க கொஞ்சம் தொட்டுப் பாரு."

சுகுமாறன் இடுப்பில் துண்டும் கழுத்தில் சோப்பு நுரையுமாகக் குசினி வாசலில் நின்றான். நெஞ்சுக்கூடு முடிந்து வயிறு ஆரம்பிக்கிற இடத்தை, நட்டநடுவில், ஒரு விரலால் அழுத்திக்கொண்டிருந்தான்.

"எனக்கு ஷிப்டுக்கு நேரமாச்சு. என்னத்தத் தொடணும்?"

"கல்லு மாதிரி ஒண்ணு இருக்கு. நேத்து இல்ல."

மாதவி கையைத் துடைத்துவிட்டுத் தொட்டாள். இருந்தது. விரல் நுனி அளவுக்கு, கெட்டியாக, தள்ளினாலும் நகராமல்.

"நேத்து நீ தேடினியா?"

"தேடல. சோப்பு போடறப்ப தட்டுப்பட்டுச்சு."

"கிளினிக்குக்குப் போ."

"போறேன்," என்றான். போகவில்லை. போனால் டாக்டர் ஏதாவது சொல்லிவிடுவார் என்று பயம்.

சுகுமாறனுக்கு நாற்பத்தாறு வயது. கிள்ளானை அடுத்த மேருவில், தாமான் என்று சொல்கிற ஒரு வீடமைப்புப் பகுதியில் இருந்துகொண்டு, பள்ளிக்கூட வேன் ஓட்டுகிறான். சீனி கூடிவிட்டது என்று டாக்டர் மிரட்டியதிலிருந்து பாலும் சீனியும் போட்டு ஆற்றுகிற தே தாரிக்கை விட்டுவிட்டு, இரண்டும் இல்லாத தே ஓ குடிக்கிறான். தொப்பை பாதியாகக் குறைந்துவிட்டது. அந்தச் சந்தோஷத்தில்தான் கண்ணாடி முன்னால் நின்று அதிக நேரம் குளித்தான்.

காலையில் பிள்ளைகளை இறக்கிவிட்டு வந்ததும், வழக்கமான ரோட்டோர ஒட்டுக்கடையில் மாரிஸ் அங்கிள் பக்கத்தில் உட்கார்ந்தான். மாரிஸ் ரயில்வேயில் இருந்து ஓய்வு பெற்றவர், பிரிக்பீல்ட்ஸில் பிறந்தவர். தெரியாத விஷயம் எதுவுமில்லை என்கிற முகம் அவருக்கு.

"அங்கிள், ஒண்ணு கேக்கறேன், யாருகிட்டயும் சொல்லாதீங்க."

சொன்னான். மாரிஸ் சட்டைக்கு மேலேயே அவனைத் தொட்டுப் பார்த்தார். "ம்," என்றார். பிறகு, ஒப்பிட்டுப் பார்க்கிற மாதிரி, தன் நெஞ்சில் அதே இடத்தை அழுத்தினார். முகம் மாறியது.

"சுகு, எனக்கும் இருக்குலா."

இரண்டு பேரும் மறுபடி அவரவர் நெஞ்சை அழுத்திப் பார்த்தார்கள். தே கலக்குகிறவன் வந்து, "ஏன்ணே, ரெண்டு பேரும் நெஞ்சப் புடிச்சுக்கிட்டு உக்காந்திருக்கீங்க? பாலு கெட்டுப்போச்சா?" என்றான். விஷயம் தெரிந்ததும் அவனும் அழுத்திப் பார்த்தான். அவனுக்கும் இருந்தது. அவனுக்கு இன்னும் கொஞ்சம் கூர்மையாக.

யாரிடமும் சொல்லாத மாரிஸ், தாமான் வாட்ஸ்அப் குழுவில் மட்டும் போட்டார்.

மத்தியானத்துக்குள் தாமானே தன்னைத் தானே அழுத்திக்கொண்டிருந்தது. ஒல்லியானவர்களுக்குப் பளிச்சென்று கிடைத்தது. பருமனானவர்களுக்குக் கிடைக்கவில்லை. "உள்ள போயிருச்சு, அதுதான் டேஞ்சர்," என்று ஒருவர் குரல் செய்தி அனுப்பினார். "எங்க மாமியாருக்கு ரெண்டு முனை இருக்கு," என்று ஒரு அக்கா போட்டாள். அதில் லேசான பெருமை தெரிந்தது.

சாயங்காலம் மாரிஸ் வீட்டு முன்னால் கூட்டம். சுபாங் ஜெயாவிலிருந்து போன மாதம்தான் குடிவந்த மார்வின் என்கிற பையன் கூச்சத்தோடு கையைத் தூக்கினான். "எனக்கும் இருக்கு, ப்ரோ."

"வந்து ஒரு மாசத்துலேயே பாருங்க," என்றார் மாரிஸ். "பிள்ளைங்களுக்குத் தொட்டுப் பாத்தீங்களா? மெத்துனு இருக்கு. பெரியவங்களுக்குத்தான் கல்லு மாதிரி. ஏன்? நாம ரொம்ப வருஷமா குடிக்கிறோம், சுவாசிக்கிறோம். அவங்களுக்கு இப்பதான் ஆரம்பம்."

எல்லோரும் ஒரே சமயத்தில் ஒரு பக்கம் திரும்பிப் பார்த்தார்கள். தாமானுக்குப் பின்னால், தகர வேலிக்கு அந்தப் பக்கம், பழைய பிளாஸ்டிக்கை உருக்குகிற பேக்டரி.

சுகுமாறன்தான் முதலில் பார்வையைத் திருப்பிக்கொண்டான். மாதவி அங்கேதான் வேலை செய்கிறாள். இந்த மாதம்தான் அவளை லைன் லீடர் ஆக்குவதாகச் சொல்லியிருந்தார்கள். அவளும் அதற்காக ஒரு நாள்கூட எம்சி என்று மருத்துவ லீவு எடுக்காமல் போய்க்கொண்டிருந்தாள்.

"பேக்டரியா இருக்காது, அங்கிள்," என்றான்.

"பெண்டாட்டி அங்க வேல செய்யறா, நீ அப்படித்தான் சொல்லுவ," என்றார் மாரிஸ். "சட்டையக் கழட்டு, போட்டோ எடுக்கணும். மொதல்ல கண்டுபிடிச்சவன் நீதானே."

மறுத்தால் பேக்டரி ஆள் என்பார்கள் என்று கழட்டினான்.

மறுநாள் மாதவி வேலையிலிருந்து வந்து செருப்பைக் கழற்றாமலே பேசினாள்.

"மேனேஜர் உன் நெஞ்சப் பாத்துட்டாரு."

"என் நெஞ்சுன்னு அவருக்கு எப்படித் தெரியும்?"

"சிவப்பு மார்க்கர்ல வட்டம் போட்டு, கீழ உன் பேரு, வீட்டு நம்பர் எல்லாம் எழுதியிருக்கு. பேக்டரி கேட்டுல ஒட்டி வெச்சிருக்காங்க."

"என்ன சொன்னாரு?"

"லைன் லீடர் விஷயம் அப்புறம் பாக்கலாம்னாரு. 'வீட்டுக்காரர் நல்லா இருக்காரா'ன்னும் கேட்டாரு. அந்தக் கேள்விதான் எனக்குப் புடிக்கல."

அதற்கு மேல் தள்ளிப்போட முடியாது என்று சுகுமாறன் கிள்ளானில் உள்ள கிளினிக்குக்குப் போனான். டாக்டர் ஆட்ரி சின்ன வயசுப் பெண். அவன் சட்டையைத் தூக்கியதுமே சிரித்துவிட்டாள்.

"சாரி அங்கிள். சிரிக்கக் கூடாது. இது ஸைஃபாய்ட் ப்ராசஸ்."

"எத்தன மாசம் தாங்கும் டாக்டர்?"

"நீங்க இருக்கிற வரைக்கும். எலும்பு, அங்கிள்."

ஒரு தாளில் வரைந்து காட்டினாள். நெஞ்சின் நடுவில் இருக்கிற எலும்பைக் கத்தி என்று வைத்துக்கொண்டால், மேலே கைப்பிடி, நடுவில் அலகு, கீழே முனை. அந்த முனைக்குத்தான் அந்தப் பேர். ஸைஃபாய்ட் என்றால் கிரேக்கத்தில் வாள் மாதிரி என்று அர்த்தம். ப்ராசஸ் என்றால் எலும்பிலிருந்து நீட்டிக்கொண்டிருக்கிற துண்டு.

"பிள்ளைங்களுக்கு மெத்துனு இருக்கே?"

"அப்ப அது குருத்தெலும்பு. நாப்பதுக்கு மேல மெதுவா கெட்டியாகும். நீங்க வேற எடை குறைச்சிருக்கீங்க, அதான் கையில தட்டுப்படுது."

"இதனால என்ன பிரயோஜனம்?"

"சில தசைங்க அதுல வந்து ஒட்டும். அப்புறம், மூச்சு நின்னவங்களுக்கு நெஞ்ச அமுக்கி சிபிஆர் கொடுக்கறப்ப அது மேல கை வைக்கக் கூடாதுன்னு சொல்லிக் கொடுப்பாங்க. ஒடைஞ்சா ஈரல்ல குத்தும்."

சுகுமாறன் அந்தத் தாளைக் கையில் வைத்துக்கொண்டு ரொம்ப நேரம் பார்த்தான். இத்தனை வருஷமாக நெஞ்சுக்குள் ஒரு கத்தியோடு வாழ்ந்திருக்கிறான். யாரும் அறிமுகப்படுத்தி வைக்கவில்லை.

"உங்களுக்கும் இருக்கா டாக்டர்?"

"எனக்கும் இருக்கு. வெளிய நர்ஸுக்கும் இருக்கு. நீங்க போய்க் கேக்க வேணாம்."

வேனில் ஏறியதும் குழுவில் போட்டான்: 'பயப்பட வேண்டாம். டாக்டர் பாத்துட்டாங்க. இதுக்குப் பேரு ஸைஃபாய்ட் ப்ராசஸ். எல்லாருக்கும் இருக்கு.'

அவன் செய்ததிலேயே பெரிய தப்பு அதுதான்.

'எல்லாருக்கும் இருக்கா' என்று உடனே ஒருவர் அழுகிற முகம் போட்டார். 'டாக்டரே பேரு சொல்லிட்டாங்களா' என்றார் இன்னொருவர். மாரிஸ் குரல் செய்தி அனுப்பினார்: "பேரே இவ்வளவு நீளமா இருந்தா, வியாதி எவ்வளவு பெருசா இருக்கும், யோசிங்க."

'எலும்பு' என்று எழுதினான் சுகுமாறன்.

'எலும்பு வரைக்கும் போயிருச்சா' என்று பதில் வந்தது.

அதற்கப்புறம் அந்த வார்த்தை தாமானில் தாராளமாகப் புழங்க ஆரம்பித்தது. காலையில் நடக்கப் போகிறவர்கள் "உங்க ஸைஃபாய்ட் எப்படி இருக்கு?" என்று விசாரித்துக்கொண்டார்கள். "குளிருக்கு லேசா ஏறுது," என்றார் ஒருவர். "எனக்கு ஸைஃபாய்ட், மாடியேற முடியாது," என்று ஒருத்தர் தண்ணி கேன் கொண்டுவந்த பையனைத் தூக்கச் சொன்னார். மார்வின், "எனக்கு இனிஷியல் ஸ்டேஜ்தான்," என்று பெண் பார்க்கப் போன இடத்திலேயே சொல்லிவிட்டான். ஒட்டுக்கடைக்காரன் வெந்தயத் தண்ணி விற்க ஆரம்பித்தான்.

சுகுமாறன் டாக்டர் வரைந்த தாளை மாரிஸிடம் கொண்டுபோய்க் காட்டினான். மாரிஸ் கண்ணாடியை ஏற்றிக்கொண்டு பார்த்தார்.

"கத்தி மாதிரி இருக்கு."

"ஆமா அங்கிள், அந்த முனைதான்."

"நெஞ்சுக்குள்ள கத்தி மொளைச்சிருக்கு, நீ பயப்பட வேணாம்கிற." அவர் குரலை இறக்கினார். "உண்மையச் சொல்லு சுகு. பேக்டரிக்காரன் உனக்கு ஏதும் குடுத்தானா?"

இரண்டு நாளில் பெரிய பதாகை கட்டிவிட்டார்கள். 'எங்கள் ஸைஃபாய்டுக்கு யார் பொறுப்பு?' அதற்குக் கீழே அந்த வட்டம் போட்ட நெஞ்சு, ஆள் உயரத்துக்கு. திங்கட்கிழமை சுற்றுச்சூழலைப் பார்க்கிற அரசாங்க ஜபாத்தானிலிருந்து ஆபீசர்கள் வந்து மண்ணையும் தண்ணியையும் எடுத்துப் பார்க்கப் போகிறார்கள் என்று மாரிஸ் அறிவித்தார்.

அவர் அறிவித்த அன்றைக்கே மாதவியை வீட்டுக்கு அனுப்பிவிட்டார்கள். மெஷின் எதுவும் ஓடாது, கூப்பிடுகிறபோது வந்தால் போதும் என்று. வேலிக்கு அந்தப் பக்கம் மண் தோண்டுகிற சத்தமும், கித்தான் போட்டு மூடிய லோரிகள் போகிற சத்தமும் மட்டும் கேட்டது.

"மூடறாங்க," என்றாள் மாதவி. சட்டி கழுவிக்கொண்டே சொன்னாள், திரும்பவில்லை. "மெஷினக் கழட்டி ஏத்தறாங்க. அத்தன பேரு வேலையும் உன் சோப்பாலதான் போச்சு."

"நான் போய் மன்னிப்புக் கேக்கறேன்."

"போன தடவையும் இப்படித்தான் ஒண்ண சரி பண்ணப் போன."

"நீயும் வா. தப்பா ஏதாவது சொன்னா கால மிதி."

சனிக்கிழமை காலையில் இரண்டு பேரும் போனார்கள். காவலுக்கு நிற்கிற ஜாகா எதுவும் கேட்காமல் கேட்டைத் திறந்துவிட்டான். அதுவே மாதவிக்கு வித்தியாசமாக இருந்தது. மேனேஜர் பரமேஸ்வரன் எழுந்து நின்று வரவேற்றார். அவர் கண் சிவந்து, சட்டைக் காலர் அழுக்காக இருந்தது. "உக்காருங்க, உக்காருங்க. என்ன குடிக்கிறீங்க?" அலுவலகம் கூட்டுகிற புஷ்பவல்லி அக்காவைக் கூப்பிட்டு மிலோ கொண்டுவரச் சொன்னார்.

"சார், மொதல்ல சாரி," என்றான் சுகுமாறன்.

"நீங்க ஏன் சாரி சொல்லணும்? தப்பு எங்க மேலயும் இருக்கலாம். பேசித் தீத்துக்கலாம். உங்களுக்கு எப்படித் தெரிஞ்சுச்சு, அத மட்டும் சொல்லுங்க."

"குளிக்கறப்ப, சார்."

மேனேஜர் விழித்தார்.

மாதவி அவன் காலை மிதித்தாள். சுகுமாறன் டாக்டர் வரைந்த தாளை மேஜையில் விரித்தான். "சார், இது வியாதியே இல்ல. எலும்பு. உங்க பேக்டரிக்கும் இதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்ல. உங்களுக்கும் இருக்கும். இங்க, விலா பிரியற எடத்துல, அமுக்கிப் பாருங்க."

மேனேஜர் இரண்டு விரலால் அழுத்திப் பார்த்தார். இருந்தது.

"பிறந்ததுலேர்ந்து இருக்கு சார். தாமான்ல வீடு வீடா போய் நானே சொல்லிடறேன். பதாகையக் கழட்டறேன். இவளுக்கு மட்டும் வேல போகக் கூடாது. இத்தன வருஷத்துல ஒரு எம்சி எடுத்ததில்ல."

"வெறும் எலும்பு?" என்றார் மேனேஜர்.

"வெறும் எலும்புதான்."

"தாமான்ல வேற ஒண்ணும்... யாரும் வேற எதுவும் சொல்லல?"

"வேற என்ன சார் சொல்லணும்?"

பரமேஸ்வரன் விரலை நெஞ்சிலிருந்து எடுக்காமலே மெதுவாக நாற்காலியில் உட்கார்ந்தார். வெளியே இன்னொரு லோரி கிளம்பிப் போனது.

புஷ்பவல்லி அக்கா மிலோவை ஆளுக்கு ஒன்றாக வைத்தாள். வைத்துவிட்டு, மேஜை மேலிருந்த படத்தை எட்டிப் பார்த்தாள்.

"எலும்புதானா? அப்ப தாமான் பக்கம் பொதச்சு வெச்ச கழிவு பேரலையெல்லாம் எதுக்கு சார் ரெண்டு நாளா தோண்டி ஏத்தறோம்?"