உயிரோடு இருப்பவனுக்கு ஒட்டிய போஸ்டர்

விவேக் நகர்,
திங்கட்கிழமை

பாசமுள்ள டோரீன் அக்காவுக்கு,

தம்பி ஓஸ்வால்ட் எழுதுவது. குழந்தை இயேசுவின் தயவால் நான் உயிரோடு இருக்கிறேன். இதை இந்த இரண்டு நாளில் பல பேருக்குச் சொல்ல வேண்டியதாகிவிட்டது. ஆனேக்கலில் நீயும் அத்தானும் சுகம்தானே? போனில் சொன்னால் நீ சிரிக்கிறாய். அதனால்தான் கடிதம்.

என் மகள் லவினா, உன் செல்லம், செய்த காரியத்தைக் கேள். படம் வரையப் படித்தவள் வரைந்து மாட்டினால் போதாதா? இவள் வரைவாளாம், நடிப்பாளாம், சிரிக்கவும் வைப்பாளாம், மூன்றும் சேர்ந்ததுதான் அவளுடைய கலையாம். இந்த முறை அகப்பட்டது நான். என் சட்டையைப் போட்டு, கரியால் மீசை வைத்து, சுவர் உயரத்துக்கு என் முகத்தை வரைந்துகொண்டே நான் திட்டுவதுபோலத் திட்டுகிறாள். விளம்பரத்துக்கு என் கறுப்பு வெள்ளை போட்டோவைப் பெரிதாகப் போட்டு, கீழே என் பெயர், சனிக்கிழமை மாலை ஐந்து மணி, ஹால் விலாசம், இவ்வளவு மட்டும் அச்சடித்து, கோயில் தெருவில் மரண அறிவிப்பு ஒட்டுகிற அதே சுவரில் ஒட்டிவிட்டாள். நம் ஜனங்கள் வேறு என்ன நினைப்பார்கள்? சனிக்கிழமை காலையில் பன் வாங்கப் போனால், பேக்கரி நாணு என்னைப் பார்த்துத் தட்டைக் கீழே போட்டான். “சார், சாயங்காலம் எடுக்கறாங்கன்னு சொன்னாங்களே?” என்கிறான்.

அவளைக் கண்டிக்க மாலையில் ஹாலுக்கே போனேன். எனக்கு முன்பே நம் தெருவின் ஜெபக்குழுவான அன்பியத்துப் பெண்கள் மலர்வளையத்தோடு வந்து, என் படத்தின் முன் முழங்காலிட்டு ஜெபமாலை சொல்லிக்கொண்டிருந்தார்கள். வேடிக்கை பார்க்க வந்த கூட்டம் அதையும் நிகழ்ச்சி என்று நினைத்து செல்போனில் பிடிக்கிறது. லவினா என் குரலில் திட்டத் தொடங்கியதும், ஜெபம் நடத்தும் பிரிஜெட், “அவரே வந்து பேசற மாதிரி இருக்கே” என்று அழுதாள். வாசலில் நின்று பார்த்த நான் அப்போதுதான் உள்ளே நுழைந்தேன். பிரிஜெட் மயங்கி விழுந்தாள். வந்த கோபத்தில் மகளைத் திட்டினேன், கூட்டத்தைத் திட்டினேன், எனக்குப் போய் வாடின சாமந்தியில் வளையம் கட்டினவனையும் திட்டினேன். திட்டத் திட்டக் கைதட்டினார்கள் அக்கா. சர்வீஸ் முழுக்க ஆபீசில் திட்டியிருக்கிறேன், ஒருத்தனும் கைதட்டியதில்லை.

அவமானத்தில் தலை கொதிக்கிறது. அவளோடு பேச்சை நிறுத்திவிட்டேன். அந்த ஆட்டத்தை விடுகிறாளா, இந்த வீட்டை விட்டுப் போகிறாளா, நீயே கேட்டுச் சொல். தாயில்லாத பெண் என்று நாம் இரண்டு பேரும் கொடுத்த இடம் இது.

அத்தானுக்கு என் வணக்கம். மாதா உங்கள் வீட்டைக் காக்கட்டும். கலை தெரிந்த பிள்ளைகளிடமிருந்தும் காக்கட்டும்.

இன்னும் உயிருள்ள தம்பி,
ஓஸ்வால்ட்

பி.கு.: உறையை ஒட்டுவதற்குள் லவினா வந்து நின்றாள். “உங்களுக்குப் பிடிக்கலன்னா நான் அப்பாவா நடிக்கலப்பா. கிளிஃபர்ட் அங்கிளை நடிக்கக் கேட்டிருக்கேன்” என்றாள். மாடி வீட்டுக் கிளிஃபர்ட்! தண்ணீர்ப் பால் ஊற்றுகிறவனிடமே ‘தேங்க்யூ’ சொல்கிறவன், அவனுக்கு என்னைப் போலத் திட்ட வருமா? நானே செய்கிறேன் என்று சொல்லிவிட்டேன். வரும் சனிக்கிழமை, அதே ஹால். நீ முன்வரிசையில் உட்கார். இந்த முறை உன்னைத்தான் திட்டப்போகிறேன்.