நான் திருடன் பிடித்த ஆயுத பூஜை

பெற்ற பிள்ளையிடம் அளந்து விட்ட கதை, என்றைக்காவது ஒருநாள் கேட்டைத் திறந்துகொண்டு நேரில் வந்து நிற்கும். எனக்கு அது ஓர் ஆயுத பூஜை அன்று, ஒரகடத்தில் ஒரு தொழிற்சாலையின் மெயின் கேட்டில், பட்டப்பகலில், ஊர்ப்பட்ட ஜனத்தின் முன்னால் வந்து நின்றது.

முதலிலேயே ஒப்புக்கொண்டு விடுகிறேன். எனக்கும் வீரத்துக்கும் ஏணி வைத்தாலும் எட்டாது. கேட் வேலைக்கு வருவதற்கு முன்பு எங்கள் ஊர் சேரப்பணஞ்சேரியிலும் சுற்றுவட்டாரத்திலும் கேபிள் டி.வி. லைன் பார்த்துக்கொண்டிருந்தேன். ஊரே செல்போனில் படம் பார்க்க ஆரம்பித்ததும் என் தொழில் படுத்துவிட்டது. கீழே நாய் குரைத்தால் கம்பத்தை விட்டே இறங்காத நான், நாற்பத்தொரு வயதில் தொப்பியும் விசிலும் மாட்டிக்கொண்டு செக்யூரிட்டியாகக் கேட்டில் நின்றேன். (யூனிபார்ம் எனக்கு முன்பு இருந்தவருடையது. அவர் என்னைவிட இரண்டு சுற்று பெரியவர். நான் திரும்பிக் கொஞ்ச நேரம் கழித்துத்தான் சட்டை திரும்பும்.)

ஆனால் வீட்டில் நான் வேறு ஆள். என் மகள் ஹரிணி அப்போது ஆறாம் வகுப்பு. நான் சாப்பிட உட்கார்ந்ததும் எதிரில் வந்து உட்கார்ந்து, "இன்னிக்கு யாரப்பா புடிச்ச?" என்பாள். அந்த முகத்தைப் பார்த்து, "யாரையும் புடிக்கலம்மா, சும்மா நின்னுகினு இருந்தேன்" என்று சொல்ல எந்த அப்பனுக்கு வாய் வரும்? ஒருநாள் மதில் ஏறிக் குதித்த திருடனைப் பிடித்தேன் என்றேன். மறுநாள் இன்னொருவனைப் பிடித்தேன் என்றேன். (மதில் தாண்டி வந்தது ஓர் ஆடு. மறுநாள் வந்ததும் அதே ஆடுதான்.) அவள் அதையெல்லாம் வகுப்பு முழுக்கச் சொல்லி வைத்திருந்தாள்.

நிஜத்தில், வேலைக்குச் சேர்ந்த அந்த நான்கு மாதமும் நான் செய்தது இரண்டே வேலை. ஒன்று, கேட் பாஸ் பார்ப்பது. கம்பெனியை விட்டு ஓர் ஆணி வெளியே போனாலும் அதற்கு ஒரு சீட்டு வேண்டும். என்ன பொருள், எத்தனை, 'திரும்ப வருமா, வராதா' என்று எழுதி, கையெழுத்து வாங்கி, நானும் ஒரு கையெழுத்துப் போட்ட பிறகுதான் விடவேண்டும். இன்னொன்று, சல்யூட் அடிப்பது. காலை ஒன்பது மணிக்கு ஜி.எம். சாரின் வெள்ளைக் கார் உள்ளே வரும். கண்ணாடி கன்னங்கரேல் என்றிருக்கும். உள்ளே மனிதர் இருக்கிறாரா, மாவு மூட்டை இருக்கிறதா என்று எனக்குத் தெரியாது. கார் வந்தால் கை தானாக நெற்றிக்குப் போய்விடும்.

ஆயுத பூஜை அன்று மட்டும் தொழிலாளர்களின் குடும்பங்களை உள்ளே விடுவார்கள். மெஷினுக்கெல்லாம் சந்தனம், குங்குமம், பூ. ஹரிணி தன் அம்மாவைக் காலையிலேயே கிளப்பி வந்துவிட்டாள். என் மனைவி செல்வி பூஜை பார்க்கப் போனாள். இவள் போகவில்லை. கேட்டுக்குப் பக்கத்து நிழலில் வாகாக ஓர் இடம் பிடித்து உட்கார்ந்துகொண்டாள்.

"உள்ள போய் சாமி கும்புடு கண்ணு."

"சாமி எங்க வேணா பாக்கலாம்பா. நீ திருடன் புடிக்கிறத பாக்கணும்."

அந்த நேரத்தில்தான் எங்கள் சூப்பர்வைசர் ராஜமாணிக்கம் சார் வந்தார். திருநெல்வேலிக்காரர், பட்டாளத்தில் இருந்து ஓய்வு பெற்றவர். என்னை ஓரமாக இழுத்துப் போனார்.

"வே தணிகாசலம், காதக் கொடும். இன்னைக்கு டம்மி திருடன் வாரான்."

எங்கள் செக்யூரிட்டி ஏஜென்சி தன் ஆளையே திருடன் மாதிரி அனுப்பி, நாங்கள் விழித்திருக்கிறோமா என்று பார்க்கும். அவனைத்தான் டம்மி திருடன் என்போம்.

"எப்டி சார் இருப்பான்?"

"எனக்கே தெரியாதுவே. வேஷம் கட்டித்தான் வருவான். பெரிய மனுசன் கணக்கா இருப்பான், ஏமாந்துராதயும். ஏற்கெனவே ரெண்டு தடவ கோட்ட விட்டுருக்கீரு. இன்னைக்கும் விட்டீருன்னா சைட்ட விட்டே தூக்கிருவாக."

அவர் பயமுறுத்திவிட்டுப் போனார். எனக்கோ கும்பிடப் போன தெய்வம் குறுக்கே வந்தது போல இருந்தது. பார்க்க மகள் உட்கார்ந்திருக்கிறாள், பிடிக்கத் திருடனும் வரப்போகிறான். பிடித்தால் வேலையும் நிலைக்கும், நான் அளந்த கதையெல்லாம் ஒரே நாளில் உண்மையாகிவிடும். பெல்ட்டை ஒரு துளை இறுக்கிக்கொண்டேன்.

பூஜை முடிந்தது. கேட்டுக்கு நேர் எதிரே இரண்டு பெரிய பூசணிக்காய்களை உடைத்து, குங்குமம் கொட்டினார்கள். ஜனங்கள் ஸ்வீட் பாக்ஸும் பொரியுமாக வெளியே வர ஆரம்பித்தார்கள். நான் ஒவ்வொரு பெரிய மனுசனையும் மேலும் கீழும் பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்போது நீலக் கோட், ஹெல்மெட், கழுத்தில் அடையாள அட்டை சகிதம் ஒரு பையன் அட்டைப்பெட்டியைத் தூக்க முடியாமல் தூக்கிக்கொண்டு வந்தான். "அண்ணே, கொஞ்சம் புடிங்கண்ணே. சுண்டல். பக்கத்து யூனிட்டுக்குக் குடுக்கணும்." பாவம், வியர்த்து விறுவிறுத்திருந்தான். நான் ஒரு பக்கம் பிடித்தேன்.

"இன்னாப்பா, சுண்டல் இவ்ளோ கனமா கீது?"

"கொண்டக்கடலைண்ணே."

நியாயமான பதிலாகப் பட்டது. அவன் பைக்கில் பெட்டியை வைத்து, என்னிடமிருந்த கயிற்றாலேயே கட்டிக்கொடுத்து, "பாத்துப் போப்பா, செதறிடப் போவுது" என்று புத்தியும் சொல்லி அனுப்பினேன்.

அடுத்து வந்தார் அவர். ஐம்பது வயது இருக்கும். பட்டுச் சட்டை, வேட்டி, நெற்றி நிறையச் சந்தனம். ஒரு கையில் போன். இன்னொரு கையில் மஞ்சள் துணியில் சுற்றிய ஏதோ ஒன்று. துணி விலகிய இடத்தில் பளபளவென்று ஒரு பல்சக்கரம் எட்டிப் பார்த்தது.

"சார், கேட் பாஸ்?"

போனில் பேசிக்கொண்டே 'இரு' என்பது போல ஒரு தலையசைப்பு. நடை நிற்கவில்லை. எனக்கு உச்சந்தலை வரைக்கும் ஜில்லென்றது. பெரிய மனுசன் கணக்கா இருப்பான்! ஹரிணியைத் திரும்பிப் பார்த்தேன். அவள் எழுந்து நின்றுவிட்டாள்.

விசில் ஊதினேன். அவர் திரும்பவில்லை. மறுபடி ஊதினேன். வெளியே போய்க்கொண்டிருந்த கம்பெனி பஸ்தான் நின்றது. அதற்கு மேல் பொறுக்க முடியாமல், ரவுண்ட்ஸ் போகிற சைக்கிளில் தாவி ஏறினேன். ஏறியது வரைக்கும் எல்லாம் சரியாகத்தான் இருந்தது. எதிரே பூசணிக்காய் உடைத்திருக்கிறார்கள் என்பதுதான் ஞாபகத்தில் இல்லை.

சைக்கிள் ஒரு திசையில் போனது. தொப்பி ஒரு திசையில் போனது. நான் உட்கார்ந்த வாக்கிலேயே, விதையும் சாறும் தெறிக்க, வழுக்கிக்கொண்டு போய் அவர் காலடியில் நின்றேன். கைக்கு எட்டியது வேட்டி முனைதான். விடுவேனா?

'டர்ர்ர்' என்று ஒரு சத்தம். கிழிந்துவிட்டது என்று நினைத்தேன். கிழியவில்லை, அது இடுப்பில் வெல்க்ரோ வைத்த ஒட்டிக்கோ வேட்டி. அவர் பதறிப்போய் இரண்டு கையாலும் இடுப்பைப் பிடித்துக்கொண்டார். பல்சக்கரம் நழுவி நேராக என் கால் விரல் மேல் விழுந்தது. முனையில் இரும்பு வைத்த ஷூ போட்டிருந்ததால் பிழைத்தேன். (அன்றைக்குத் தன் வேலையை ஒழுங்காகச் செய்தது அந்த ஷூ ஒன்றுதான்.)

"எங்கப்பா புடிச்சிட்டாரு! திருடன புடிச்சிட்டாரு!" ஹரிணி குதித்துக் குதித்துக் கை தட்டினாள். வேறு யாரும் தட்டவில்லை. ராஜமாணிக்கம் சார் மட்டும் தலைதெறிக்க ஓடி வந்தார்.

"வே! விடும்வே! ஜி.எம்.வே அது!"

"வேஷம் சார், நம்பாதீங்க. நீங்கதான சொன்னீங்க!"

"யோவ், நான்தான்யா ஜி.எம்.!" என்றார் வேட்டிக்காரர்.

"அப்டித்தான் சொல்லச் சொல்லி அனுப்பிருப்பாங்க," என்றேன் நான், பிடியை இறுக்கிக்கொண்டு.

அப்போது அந்த வெள்ளைக் கார் வந்தது. பூசணிச் சேற்றில் உட்கார்ந்தபடி, இடது கையில் வேட்டியைப் பிடித்தபடி, வலது கையால் விறைப்பாக ஒரு சல்யூட் அடித்தேன். டிரைவர் இறங்கிப் பின்கதவைத் திறந்தார். உள்ளே யாரும் இல்லை. "வாங்க சார்," என்று, என் பிடியில் இருந்தவரைப் பார்த்துக் கூப்பிட்டார்.

நான் ஜி.எம். முகத்தைப் பார்க்கவில்லை. ஹரிணியைத்தான் பார்த்தேன். தட்டிக்கொண்டிருந்த கை பாதியில் நின்றிருந்தது. வேலை போனால் போகட்டும், பூமி பிளந்து என்னை மட்டும் உள்ளே இழுத்துக்கொண்டால் போதும் என்றிருந்தது.

ஜி.எம். வேட்டியை ஒட்டிக்கொண்டார். "நாலு மாசமா சல்யூட் அடிக்கிறியே, என் மூஞ்சியப் பாத்ததே இல்லையா?"

"கண்ணாடி கறுப்பு சார்."

அவர் கொஞ்சம் யோசித்தார். "சரி. கேட் பாஸ் இல்லாம யாரையும் விடமாட்ட, அதானே?"

உயிர் திரும்பி வந்தது. "யாரா இருந்தாலும் விடமாட்டேன் சார்!"

வாயை மூடவில்லை, அந்தச் சுண்டல் பைக் திரும்பி வந்து நின்றது. பையன் ஹெல்மெட்டைக் கழற்றிவிட்டு ராஜமாணிக்கம் சாரிடம், "ஏஜென்சி டெஸ்ட் சார். பொட்டி பூரா போல்ட்டு. இவரு விட்டது மட்டுமில்ல, நல்லா முடிச்சுப் போட்டுக் கட்டி வேற குடுத்தாரு. இன்னும் அவுக்க முடியல" என்றான்.

முதலில் சிரித்தது ஜி.எம்.தான். பிறகு பஸ்ஸே சிரித்தது. கும்பலில் ஒரு சிரிப்பு மட்டும் தனியாகக் கேட்கிறதே என்று பார்த்தால், செல்வி. (நான் தாலி கட்டினவள்!) ஹரிணி மட்டும் சிரிக்கவில்லை.

"யார் வூட்டுப் பொண்ணு இது?" என்று கேட்டார் ஜி.எம்.

நான் தலையைக் குனிந்துகொண்டேன். அவள் வாயைத் திறக்காமல் இருந்தால்கூடக் கோபப்பட எனக்கு யோக்கியதை இல்லை. ஆனால் அவள் நடந்து வந்து, சேற்றில் கிடந்த என் தொப்பியை எடுத்து, தன் பாவாடையில் துடைத்து, என் தலையில் வைத்தாள்.

"எங்கப்பா சார். ஆனா நீங்க பாஸ் இல்லாம போனது தப்புதான?"

ஜி.எம். சிரிப்பை நிறுத்தினார். என்னிடம் கேட் பாஸ் புத்தகத்தை வாங்கி, தன் கையாலேயே எழுதினார். பல்சக்கரம், ஒன்று. புது மெஷினில் முதலில் செய்தது. வீட்டுப் பூஜை அறைக்கு. திரும்ப வராது. பூசணி ஈரத்தோடு நான் கையெழுத்துப் போட்டேன்.

டம்மி திருடனை விட்டதற்கு எனக்கு மெமோ வந்தது. பின் கேட்டில் பழைய இரும்புக்குக் காவலாக இரண்டு மாதம் போட்டார்கள். ஜி.எம். சொன்னதால் சைட்டை விட்டுத் தூக்கவில்லை. மெயின் கேட்டுக்குத் திரும்பிய நாளிலிருந்து அவர் கார் கண்ணாடியை இறக்கி, "தணிகாசலம், இதான் மூஞ்சி, பாத்துக்க" என்று சொல்லிவிட்டுத்தான் உள்ளே போவார்.

ஆயுத பூஜை அன்று பைக்கில் வீடு திரும்பும்போது ஹரிணி மெதுவாகக் கேட்டாள். "அப்பா, செவுரு ஏறிக் குதிச்சானுங்களே, ரெண்டு திருடனுங்க?"

"ஆடும்மா."

"ரெண்டு ஆடா?"

"ஒன்னுதான்."

சேரப்பணஞ்சேரி வந்து சேரும்வரை என் முதுகில் குத்திக் குத்திச் சிரித்தாள். எனக்கும் பாரம் இறங்கியது போல இருந்தது.

அதிலிருந்து எங்கள் வீட்டில் எதுவும் கேட் பாஸ் இல்லாமல் வாசல் தாண்டாது. பக்கத்து வீட்டுக்குக் குழம்புக் கிண்ணம் போனால், "திரும்ப வருமா, வராதா?" என்று கேட்பாள் செல்வி. சொந்தக்காரர் கல்யாணத்தில் யாராவது ஒட்டிக்கோ வேட்டி கட்டியிருந்தால், என்னை அவர் பக்கத்தில் உட்கார வைக்க மாட்டார்கள்.

போன மாதம் ஹரிணிக்கு டிப்ளமோ முடிந்து ஸ்ரீபெரும்புதூர் பக்கம் ஒரு கம்பெனியில் வேலை கிடைத்தது. முதல் நாள் காலை, கம்பெனி பஸ்ஸுக்குக் கிளம்பியவள், சாப்பாட்டுப் பையைத் தானே திறந்து காட்டிவிட்டு ஒரு சீட்டை நீட்டினாள். 'பொருள்: மகள். எண்ணிக்கை: ஒன்று. திரும்ப வரும்.'

அவள் முகத்தை ஒருமுறை நன்றாகப் பார்த்துவிட்டுத்தான் கையெழுத்துப் போட்டேன்.