முடியாத ஜும்ஆ

ஆட்சி அமைந்த ஏழாம் ஆண்டு, ஷஅபான் மாதம் பிறை பதினொன்று அன்று, சம்பூராத் தீவின் தலைநகரான பெரியகரையில், நீர்வளத் துறைப் பொறியாளர் யூனுஸ் மரைக்கார் ‘சுப்ஹானல்லாஹ்’ என்று சொன்ன குற்றத்துக்காகக் கைது செய்யப்பட்டார்.

செய்தியைக் கேட்ட அவர் மனைவி ருகையா முதலில் நம்பவில்லை. தொழவைக்கும் இமாம் தவறு செய்தால் பின்னால் நிற்பவர் அந்தச் சொல்லைச் சொல்லித் திருத்துவது தீவில் எல்லோரும் அறிந்த வழக்கம். பெண்களாக இருந்தால் தங்கள் புறங்கையில் மெல்லத் தட்டுவார்கள். மீன் விற்பவர் திருத்தினாலும் இமாம் திருந்திக்கொள்வார். ஹஜ்ரத்மார்கள் தொழுகையை மட்டும் நடத்திய காலத்தில் இதில் யாருக்கும் கௌரவக் குறைச்சல் வந்ததில்லை.

பிறகு அவர்கள் அரசாங்கத்தையும் நடத்த வந்தார்கள். தேர்தல் ஒழுங்காகவே நடந்தது. போட்டியிட்ட எல்லோரும் அவர்களில் மூத்தவரான பெரிய ஹஜ்ரத்தின் மாணவர்கள். தோற்றவர்களுக்கும் மந்திரி பதவி கிடைத்தது. எதிர்க்கட்சிக்குத் தனி மேசை போடப்பட்டது. அதில் தேநீர்க் கோப்பைகள் வைத்தார்கள்.

யூனுஸ் கைதான அன்றைய கூட்டத்தில், கோடை வருவதால் நீர்த்தேக்கத்தின் மதகுகளை மூட உத்தரவிட வேண்டிய நீர்வள மந்திரி, வாய் தவறித் திறக்க உத்தரவிட்டார். கடைசி வரிசையிலிருந்த யூனுஸ், பள்ளிவாசலில் நிற்கிற நினைப்பிலேயே திருத்திவிட்டார். காவலர்கள் அவரை வெளியே கொண்டுபோனார்கள். மதகுகள் திறக்கப்பட்டன.

தண்ணீர் தெருக்கள் வழியாகக் கடலுக்குப் போயிற்று. தீவின் வரலாற்றில் முதன்முறையாக ஏழை, பணக்காரர் என்ற பேதமின்றி எல்லா வீட்டுக்குள்ளும் நீர் வழங்கப்பட்டதாக மந்திரி அறிவித்தார். நீர்த்தேக்கத்தில் குட்டைகள் மிஞ்சின. குட்டைகளில் கொசு பிறந்தது.

அடுத்து, பதவியில் இருப்பவரைப் பின்னால் இருப்பவர் திருத்துவது தேசத் துரோகம் என்று சட்டம் வந்தது. சுகாதார மந்திரி காய்ச்சல் மருந்தைக் கண் மருத்துவமனைக்கு அனுப்பினார். மருத்துவர்கள் நன்றி தெரிவித்தார்கள். பிறகு சட்டத்தைப் பள்ளிவாசல்களுக்கும் நீட்டித்தார்கள். இமாமைத் திருத்துவது மார்க்கம் சொன்ன முறையாயிற்றே என்று ஒரு வயதான ஆலிம் கேட்டார்.

“முறைதான். யார் இல்லேன்னா?” என்றார் சட்ட மந்திரி ஹம்ஸா ஹஜ்ரத். “தப்பு நடந்தாத்தானே அதுக்கு வேலை? நம்ம ஆட்சியில தப்பு எங்கே நடக்குது, காட்டுங்க.”

ஆலிம் நன்றி சொல்லிப் புறப்பட்டார்.

ருகையா ஹம்ஸா ஹஜ்ரத்தின் அலுவலகத்துக்குப் பலமுறை நடந்தார். சிறையிலும் காய்ச்சல் பரவியிருந்தது. யூனுஸ் பாயை விட்டு எழவில்லை என்று தகவல் வந்திருந்தது. கடைசியில் ஹஜ்ரத் இரங்கினார்.

“வெள்ளிக்கிழமை ஜும்ஆத் தொழுகை முடிஞ்சதும் வெளியே விட உத்தரவு போட்டுட்டேன், தங்கச்சி. முடிஞ்ச பிறகுதான், ஒரு நொடி முந்தியும் கிடையாது. சட்டம்னா சட்டம். அதுவரைக்கும் வம்பு ஒண்ணும் வேணாம்.”

“வராது காக்கா,” என்றார் ருகையா.

வெள்ளிக்கிழமை தலைமைப் பள்ளிவாசலில் பெரிய ஹஜ்ரத்தே தொழவைத்தார். ஜும்ஆ இரண்டு ரக்அத், அதாவது இரண்டு சுற்றுத் தொழுகை; குழந்தைக்கும் தெரியும். இரண்டாவது முடிந்ததும் உட்கார வேண்டியவர் எழுந்து நின்றார். மந்திரிசபையும் எழுந்து நின்றது. பெரிய ஹஜ்ரத் உடனே ஓதத் தொடங்காமல் நின்றார், யாராவது சொல்வார்கள் என்று எதிர்பார்ப்பவர் போல. யாரும் சொல்லவில்லை. தானாக உட்கார்ந்தால் தவறியதாக ஆகிவிடும். தொடர்ந்தார்.

நான்காவது போயிற்று, ஐந்தாவது போயிற்று. முன்வரிசையில் முழங்கால்கள் சத்தம் போட்டன. நெற்றியைத் தரையில் வைத்து ஸஜ்தாவுக்குப் போன நீதித்துறைத் தலைவர் திரும்பி எழவில்லை. அவர் பக்தி எல்லோரும் அறிந்தது என்பதால் யாரும் கவலைப்படவில்லை.

பெண்கள் பகுதித் திரைக்குப் பின்னால் தொழுதுகொண்டிருந்த ருகையாவின் மனம் சிறையில் இருந்தது. ஜும்ஆ முடியாமல் கதவு திறக்காது. இப்படியே போனால் ஜும்ஆ முடியாது. புறங்கையில் தட்டினால் அவர் இருக்கிற இடத்துக்குத் தானும் போக வேண்டியிருக்கும். தட்டாவிட்டால், அவர் உயிரோடு இருப்பாரோ என்னவோ.

தட்டினார்.

பெரிய ஹஜ்ரத் அந்தக் கணமே உட்கார்ந்தார். தொழுகையை முடித்து ஸலாம் கொடுத்தபோது அவர் முகத்தில் வெகுநாள் காணாத ஒரு நிம்மதி தெரிந்ததாகப் பக்கத்திலிருந்தவர்கள் பிற்பாடு தங்களுக்குள் பேசிக்கொண்டார்கள்.

காவலர்கள் திரைக்கு வெளியே நின்று, தட்டியது யார் என்று கேட்டார்கள்.

“கொசு அடிச்சேன்,” என்றார் ருகையா.

“நானுந்தான்,” என்றாள் பக்கத்திலிருந்தவள். “இங்கே வந்து ஒக்காந்து பாருங்க தம்பி, நீங்களும் அடிப்பீங்க.”

வரிசை முழுவதும் கொசு அடித்ததாக வாக்குமூலம் தந்தது. அத்தனை பேரையும் அடைக்கச் சிறையில் இடமில்லை. ஜும்ஆ முடிந்துவிட்டபடியால் யூனுஸை வெளியே விட்டார்கள். ருகையா அவரைக் கைத்தாங்கலாக வீட்டுக்குக் கூட்டிவந்தார்.

தலைமைப் பள்ளியில் கொசு புகுந்தது பற்றி விசாரிக்க ஒரு குழு அமைக்கப்பட்டது. அடுத்த வெள்ளிக்கிழமை காலை பெண்கள் பகுதியில் புகையடித்து, இனி அங்கே கொசு இல்லை என்று சுகாதார மந்திரி கையெழுத்திட்டுச் சான்றளித்தார். ருகையாவும் யூனுஸும் அன்று விடியற்காலைக் கப்பலில் அக்கரைக்குப் போய்விட்டார்கள்.

அன்றும் பெரிய ஹஜ்ரத் மூன்றாவது ரக்அத்துக்கு எழுந்தார். திரைக்குப் பின்னால் அடிக்கக் கொசு இல்லை. பக்கத்துத் தெருப் பள்ளியில் பிற்பகல் அஸர் தொழுகைக்குப் பாங்கு சொன்னபோது, தலைமைப் பள்ளியில் ஜும்ஆ முடிந்திருக்கவில்லை.