எவரிஸ்தோ ஒட்டிய புத்தகப் பட்டியல்

இதில் ஒரு சொல் பொய்யென்றாலும் என் கழுதை என்னைத் திரும்பிப் பார்க்காமல் போகட்டும், ஆலிவ் கொட்டை தொண்டையில் சிக்கட்டும், எங்கள் ஊர்ப் பாதிரியார் என் பேரைச் சொல்லிப் பூசை வைக்கட்டும்! கடைசியாகச் சொன்னேனே, அதைவிடக் கொடிய சத்தியம் எங்கள் மன்றத்து ஆட்களுக்குக் கிடையாது.

காதிஸ் நகரை ஒட்டிய மலைச்சரிவில் இருக்கிறது எங்கள் ஊர் அல்கோர்னால். ஆண்டான் வேண்டாம், அரசு வேண்டாம், பாதிரியும் வேண்டாம் என்று தீர்மானம் போட்ட ஊர். மூன்று பேரும் இன்னும் போகவில்லை. அது வேறு கதை. அங்கே தொழிலாளர் மன்றத்தில் எவரிஸ்தோவுக்கென்று தனி நாற்காலி. ஏனென்றால் அவன்தான் படித்தவன். 'எதற்கு எசமான்?' என்ற நாற்பது பக்கப் பிரசுரத்தை வரிவரியாக விரலால் தடவி வாசிப்பான். கூட்டம் அழப்போகிற நேரம் பார்த்துப் பக்கம் புரட்டுவான். ஒரு தடவை அதைச் சன்னல் வழியாகக் கேட்ட பண்ணையாரின் கோவேறு கழுதை ஒன்பது நாள் வேலைநிறுத்தம் செய்தது.

ஒரே ஒரு குறை. எவரிஸ்தோவுக்கு எழுத்துத் தெரியாது.

மனைவி கசில்டாவுக்குத் தெரியும். சிறு வயதில் காதிஸ் நகரில் ஒரு வீட்டில் வேலைக்கு நின்றாள். அந்த வீட்டுப் பிள்ளைகளுக்கு வாத்தியார் சொன்ன பாடமெல்லாம் தரை துடைத்த இவள் தலையில் ஏறிவிட்டது. "கண்ணு எரியுது கசில்டா, நீ வாசி" என்பான் எவரிஸ்தோ. பன்னிரண்டு வருஷமாக எரிகிறது. அரை மைலுக்கு அப்பால் வருகிற போலீஸ்காரனின் மீசை முடியை எண்ணிச் சொல்லும் கண்தான். தாளைக் கண்டால் மட்டும் எரியும். அவள் வாசிப்பாள், அவன் மனப்பாடம் செய்வான். அவளை ஏமாற்றுகிறோம் என்றே நம்பிக்கொண்டிருந்தான், பாவம்.

இப்படியிருக்க, மன்றத்துக்கு ஒரு பெட்டி புத்தகம் அனுப்புவதாக நகரத்துத் தோழர்கள் சொல்லிவிட்டார்கள். புதிதாக வருகிறவன் முதலில் எதைப் படிப்பது, அடுத்து எதைப் படிப்பது? பட்டியல் வேண்டும். அதை ஒருவன் தன் கையால் எழுதி, ஞாயிற்றுக்கிழமை எல்லார் முன்னாலும் சுவரில் ஒட்டவேண்டும். யார் எழுதுவது? நாற்பது தலையும் எவரிஸ்தோ பக்கம் திரும்பின. குட்டு வெளிப்பட்டால் நாற்காலி போச்சு, மானமும் போச்சு.

வீட்டுக்கு வந்து ஒரு திட்டம் போட்டான்.

"கசில்டா, கை சுளுக்கிக்கிச்சு. நான் சொல்லச் சொல்ல எழுதேன்."

"எந்தக் கை?"

"வலது கை."

"இப்பத்தானே அந்தக் கையால முழு ரொட்டியப் பிச்சுத் தின்னே?"

"ரொட்டி பிய்க்கிற சதை வேற, எழுதற சதை வேற."

"படிச்சவங்க உடம்பே தனி வார்ப்புதான். சொல்லு."

"ஒண்ணு, 'எதற்கு எசமான்?' ரெண்டு, 'வேலியில்லா ஊர்'. மூணு, 'தாடிக்காரர்கள் சண்டை போட்டுப் பிரிந்த வரலாறு'."

"அது எத்தனை பாகம்?"

"நாலு. தாடிக்கு ஒண்ணு."

ஏழு புத்தகம் ஆயிற்று. கசில்டா பேனாவை நிறுத்தினாள்.

"எவரிஸ்தோ, தோள்பட்டை விட்டுப்போச்சுப்பா. திங்கட்கிழமை துவைக்கிற தொட்டிக்கு வந்து ரெண்டு போர்வை கசக்கித் தர்றியா?"

"நானா? பொம்பளைங்க நிக்கிற தொட்டியிலயா? ஒருத்தர் ஒருத்தருக்கு உத்தரவு போடறதே தப்பு. ரெண்டாவது புத்தகத்துல இருக்கு."

"உத்தரவு இல்ல. கேட்டேன்."

"கேக்கறது உத்தரவோட தங்கச்சி."

அவள் பேனா இன்னும் ஒரு வரி கீறிற்று. முழுசையும் வாசித்துக் காட்டச் சொன்னான். ஏழு புத்தகத்தின் பேரையும் சொன்னாள். ஏழையும் நெட்டுருப் போட்டான்.

ஞாயிற்றுக்கிழமை மன்றத்தில் நிற்க இடமில்லை. எவரிஸ்தோ தாளை ஒட்டி, குச்சியால் தொட்டுத் தொட்டு ஏழையும் முழங்கினான். கைதட்டலில் கூரைப் பல்லி இரண்டு விழுந்தன. மீசையைத் தடவிக்கொண்டு உட்காரப் போனான்.

"தோழரே, எட்டாவத விட்டுட்டியே!" பின்வரிசையிலிருந்து கசில்டா.

திரும்பிப் பார்த்தான். ஏழுக்குக் கீழே நிஜமாகவே ஒரு வரி, எறும்புச் சாரை மாதிரி.

"அது... அது சும்மா..."

"எழுதத் தெரிஞ்ச உனக்குச் சொல்ல வெக்கமா? நானே சொல்றேன். 'இந்த ஏழும் படிக்கிற ஆம்பளை ஒவ்வொருத்தனும் திங்கட்கிழமை வீட்டுத் துணியைத் தானே துவைக்கணும்.' அப்படித்தானே எழுதியிருக்கே?"

இல்லை என்றால், பின்னே என்ன எழுதியிருக்கிறது என்று கேட்பார்கள்.

"ஆமா," என்றான் எவரிஸ்தோ. "ராப்பூரா யோசிச்சு எழுதினேன்."

பக்கத்து வீட்டு ஒனோஃப்ரே எழுந்தான். "இரு பங்காளி, நான் பாக்கறேன்!" என்று சுவரருகே போனான். கடவுள் இல்லை என்று முந்தின வாரம்தான் பேசிய எவரிஸ்தோ, அந்த ஒரு நிமிஷத்துக்கு மட்டும் அவரை வரவழைத்தான்: ஆண்டவனே, ஒனோஃப்ரே மறுக்காமல் இருக்கட்டும்!

ஒனோஃப்ரே மூக்குத் தாளில் முட்டும்வரை குனிந்தான். உதடு அசைந்தது. நிமிர்ந்தான்.

"ஆமாய்யா. அப்படித்தான் போட்டிருக்கு. தெளிவாப் போட்டிருக்கு."

எங்கள் ஊரில் வாசிக்கத் தெரியாது என்று சொல்வது பண்ணையாருக்குக் குடை பிடிப்பதற்குச் சமம். அடுத்தவன் வந்தான், பார்த்தான், தலையாட்டினான். அதற்கடுத்தவன் "கையெழுத்தும் முத்து முத்தா இருக்கு" என்றான். நாற்பது பேரும் தலையாட்டி முடித்தார்கள்.

திங்கட்கிழமை தொட்டியைச் சுற்றி நாற்பது மீசை. பெண்கள் சுவர்மேல் உட்கார்ந்து சூரியகாந்தி விதை கொறித்தார்கள்.

"ஏ ஒனோஃப்ரே, அது பாவாடை! பண்ணையாரு கழுத்துன்னு நெனச்சுத் திருகாதே!"

கைக்கு வேலையில்லாமல் போன கசில்டா, ஈரக்கல்லில் சோப்பால் எழுத்துப் போட்டுப் பெண்களுக்குச் சொல்லிக்கொடுக்க ஆரம்பித்தாள். கசக்கியபடியே எவரிஸ்தோ ஓரக்கண்ணால் பார்த்தான். வாரத்துக்கு இரண்டு எழுத்து. ஆறு மாதத்தில் எல்லா எழுத்தும் அவனுக்குப் பிடிபட்டன.

ஆளில்லாத மத்தியானமாகப் பார்த்து மன்றத்துக்குப் போனான். எட்டாவது வரியில் விரல் வைத்தான். நாற்பது வயதில் முதல் முறையாக, நிஜமாகவே வாசித்தான்:

'இந்த வரியை வாசிக்கத் தெரிந்தவர் துணி துவைக்க வேண்டியதில்லை.'

ஒரே ஓட்டமாக வீட்டுக்கு ஓடினான்.

"கசில்டா! எட்டாவது வரிய வாசிச்சுட்டேன்! இனிமே நான் துவைக்க வேண்டாம்!"

"ரொம்ப சந்தோஷம்ப்பா. மன்றத்துல போய்ச் சொல்லிடு."

"என்னன்னு?"

"'தோழர்களே, இன்னைக்குத்தான் எனக்கு வாசிக்க வந்துச்சு'ன்னு."

எவரிஸ்தோ கூரையைப் பார்த்தான். தரையைப் பார்த்தான்.

"போர்வை எங்க இருக்கு?" என்றான். 

இதை யார் சொன்னதென்று மட்டும் எவரிடமும் மூச்சு விடாதீர்கள். அதே சோப்பு எழுத்தைப் பார்த்துக் கற்று, அந்த வரியை அவன் வாசிப்பதற்கு மூன்று வாரம் முன்னாலேயே வாசித்துவிட்டு, இன்னும் வாயைத் திறக்காமல் துவைத்துக்கொண்டிருக்கிறேன் நான்.