வட்டம் சூரியன், சதுரம் சந்திரன்

புத்தியைத் தவிர மற்ற எல்லாவற்றையும் எடுத்துக்கொண்டு சோதனைக்குப் போகும் மனிதர்களில் ஒரு ரகம் உண்டு. உங்கள் தெருவிலும் ஒருவர் இருப்பார். இல்லையென்றால் கண்டிக்கு வாருங்கள், எங்கள் சண்முகநாதனைக் காட்டுகிறேன்.

தேயிலைக் கம்பனி ஒன்று போன வருஷம் கணக்கெழுதும் கிளாக்கர் வேலைக்குப் புதுவிதமான சோதனை வைத்தது. சரித்திரம் இல்லை, இலக்கணம் இல்லை. வெறும் வட்டமும் சதுரமும் முக்கோணமும். வரிசையைப் பார்த்து, அடுத்த வடிவம் எது என்று யோசித்துச் சொல்ல வேண்டும். (சீமையிலிருந்து தோட்டம் பார்க்க வரும் சின்னத்துரைமாருக்கு இந்தச் சோதனை கிடையாது, அவர்களுடைய மூளை கப்பல் ஏறும்போதே தேறிவிடுகிறது போலும்.) வேலை கிடைத்தால் தன் மகள் புஷ்பத்தைச் சண்முகநாதனுக்குக் கட்டிக்கொடுப்பதாகக் கறுப்பையா வாக்குக் கொடுத்திருந்தார். கிடைக்காவிட்டால் மாத்தளையில் வேறு மாப்பிள்ளை தயார்.

யோசிக்க வேண்டும் என்றதும் நம் ஆள் என்ன செய்தான்? சோதிடரிடம் ஓடினான்.

சோதிடர் மாதிரித் தாளைப் பார்த்தார், கண்ணை மூடினார், திறந்தார். "தம்பி, இது நம்ம சரக்குத்தான். வட்டம் சூரியன், சதுரம் சந்திரன், முக்கோணம் செவ்வாய். வெள்ளக்காரன் நம்மகிட்ட திருடினது!"

அப்புறம் கேட்கவா வேண்டும்? விடிந்தால் பிள்ளையாருக்குத் தேங்காய், பொழுது சாய்ந்தால் கிரக பாராயணம், இடையில் கறுப்புக் கயிறு, எலுமிச்சம்பழம், வடக்குப் பார்த்துப் போட்ட கதிரை, புஷ்பம் ஆள் விட்டுக் கேட்டும் முகம் காட்டாத விரதம். கூடவே சோதனை எழுதவிருந்த முனாப், கொழும்பு வீதிப் புடைவைக் கடைக்காரரின் மகன், விழுந்து விழுந்து சிரித்தான்.

"மச்சான், பக்கத்த எண்ணிப் பாரு. மூணு, நாலு, அஞ்சு... அடுத்தது என்ன?"

"அவ்வளவு லேசுன்னா துரை ஏன் கேக்கிறாரு? போடா, ஒனக்கு சாத்திரம் தெரியாது."

சோதனையில் அந்தக் கேள்வியே வந்தது. மூன்று பக்க வடிவம், நாலு பக்க வடிவம், ஐந்து பக்க வடிவம், அடுத்தது? கீழே நாலு விடைகள், அவற்றில் ஒன்று ஆறு பக்கம். சண்முகநாதன் கிரகங்களை அடுக்கினான். செவ்வாய், சந்திரன், சுக்கிரன்... மூவரும் ஒன்றுகூடினால் சனி பார்க்காமல் விடுவானா? சனிக்குச் சோதிடர் சொன்னது வில் வடிவம். விடைகளில் வில்லைக் காணோம். பாவம், துரைக்குத் தெரியவில்லை என்று இரக்கப்பட்டு, ஓரத்தில் தானே ஒரு வில்லை அழகாக வரைந்துவைத்தான்.

வேலை முனாபுக்குப் போனது.

சண்முகநாதன் கறுப்பையாவிடம் ஓடினான். "மாமா, எனக்கு ஏழரை நடக்குது. ஒரு வருஷம் பொறுங்க."

'யோசிக்கத் தெரியவில்லை' என்று சொல்லியிருந்தால் மனுஷன் மன்னித்திருப்பார். கறுப்பையா கதிரையை விட்டே எழுந்துவிட்டார். "என்னது, ஏழரையா? சனி புடிச்சவனுக்கு எவன் பொண்ணு குடுப்பான்?"

தையில் மாத்தளை மாப்பிள்ளை தாலி கட்டினான். புஷ்பத்திடம் யாராவது கேட்டார்களா? சே, அதற்கு எந்தக் கிரகமும் ஒதுக்கப்படவில்லை.

சிரிக்கிறீர்களா? தாராளமாகச் சிரியுங்கள். அதற்கு முன்னால், உங்கள் மேசை லாச்சிக்குள் திறந்து கிடக்கும் பஞ்சாங்கத்தை யார் கண்ணிலும் படாமல் மூடிவிடுங்கள்.