படம் பிடித்த புதன்கிழமை யார் பாடு?

அங்காளம்மன் துணை

பழவேற்காடு,
20.12.84

அன்புத் தம்பி சீனிவாசனுக்கு அக்கா அங்காளம்மாள் எழுதுவது. இங்கே நானும் உன் மாமாவும் இரண்டு ஆடுகளும் சுகம். உன் சுகத்தைக் கடைசியில் கேட்கிறேன்.

உன் கடுதாசி வந்தது. பதினோரு வருஷம் பட்டணத்தில் எவனெவனுக்கோ பெயரில்லாமல் வசனம் எழுதிக் கொடுத்து, வெயிலில் கிளாப் கட்டை தட்டி, டி.வி.யில் ஒரு அரைமணி நாடகம் போட்டு, இப்போது முதல் சினிமா கிடைத்திருக்கிறது, கடைசிக் காட்சியைத் தை மாதம் நம் ஏரி முகத்துவாரத்தில்தான் எடுக்கவேண்டும், ஊர்த் தலைவரிடம் ஒரு வார்த்தை சொல்லு அக்கா என்கிறாய். சொல்லமாட்டேன். ஏன் என்று கேட்டுக்கொள்.

உன் நாடகம் வந்த அன்று மீரான் பாய் டி.வி.யைத் தூக்கி வாசலில் வைத்தார். நம் ஊரும் எதிர்க்கரை ஊரும் ஒன்றாக உட்கார்ந்து பார்த்தோம். உன் பெயர் வந்ததும் நான் கையெடுத்துக் கும்பிட்டேன்கூட. அப்புறம் நாடகத்தில் உன் மாமா முகத்துவாரத்தில் வலை இழுக்கிறார், பின்னால் ரேடியோ செட்டில் மேளம் கேட்கிறது. எதிர்க்கரைக் காசியம்மாள் எழுந்துவிட்டாள். "இன்னாடி இது! எம் பொண்ணு கல்யாணத்து மேளம்டி! அன்னிக்கு எங்க பாடாச்சே, எங்க எறாலு உங்க வலைல இன்னா பண்ணுது?"

ஒருநாள் நாம், மறுநாள் அவர்கள் என்று அந்த இடத்தில் வலை போடப் பாடு முறை வைத்தது நீ பிறக்கும் முன்னே. நீ படம் பிடிக்க வந்த புதன்கிழமை அவர்கள் கல்யாணத்தில் இருக்க, நான் பந்தியில் இருக்க, "மீன் வேணாம் மாமா, வெளிச்சம்தான் வேணும், வெறும் வலை போடுங்க" என்றாயாம். வெளிச்சத்துக்குத்தான் போடுகிறார்கள் என்று இறாலுக்குத் தெரியுமா? வந்ததைத் திரும்பக் கொட்டாமல், "சிரிங்க மாமா" என்றாயாம். அந்த மனுஷன் எங்கள் கல்யாணத்தில்கூட அப்படிச் சிரிக்கவில்லை.

இரண்டு ஊரும் கோயில் முன்னால் கூடியது. நான் கோயில் பாட்டுப் புத்தகத்தில் எழுத்துக் கூட்டித் தானாகப் படித்தவள். ஒன்பது வருஷமாக எந்த நாள் யார் பாடு என்று இரண்டு ஊருக்கும் நோட்டு எழுதுகிறவள். "தம்பினு பாக்காத அங்காளம்மா, அந்தப் புதன்கெழம யாரு பாடு?" என்றார் தலைவர். வாசித்தேன்: எதிர்க்கரை. உன் மாமா, "ஒரு நாள மாத்திப் படிச்சா இன்னாடி" என்று காதைக் கடித்தார். "கதை எழுதறது அவன் வேல, நான் எழுதறது நாளு" என்றேன். காசியம்மாள் விடவில்லை: "அப்ப உன் தம்பி எடுத்த படம் பொய்யா?" பொய்தான்! பொய்க்குத்தான் அவனுக்குச் சம்பளம். என் நோட்டுக்கு எவனும் சம்பளம் தரவில்லை, அதனால் நிஜம் என்று எல்லார் முன்னாலும் சொன்னேன்.

தீர்ப்பு இதுதான்: நம் ஊர் ஒரு முறை விட்டுக்கொடுக்கவேண்டும், நீ வந்து அம்மன் முன்னால் விழுந்து எழுகிறவரை கேமரா ஏரிக்கரையை மிதிக்கக்கூடாது. சரி என்று முதல் கை தூக்கியவள் நான். ஏரி கிடைக்காவிட்டால் பட முதலாளி வேறு டைரக்டரை வைத்துக்கொள்வார் என்று எழுதியிருக்கிறாய். வைத்துக்கொள்ளட்டும். போய்ச் சேர்ந்த நம் நைனாவே எழுந்து வந்து கேட்டாலும் என் நோட்டில் ஒரு புள்ளி நகராது.

வேளைக்குச் சாப்பிடுகிறாயா? உடம்பு எப்படி? அம்மன் உனக்கு நல்ல புத்தியையும், அது வருகிறவரை வேறு நல்ல ஏரியையும் காட்டட்டும்.

இப்படிக்கு,
கோபம் தீராத அக்கா
அங்காளம்மாள்

பின்குறிப்பு: கடுதாசியை ஒட்டுமுன் நோட்டைப் புரட்டினேன். ஆடித் திருவிழா அன்று இரண்டு ஊரும் வலை போடாது. அந்த நாளை எண்ணாமல் முறையை மறுநாளுக்குத் தள்ளவேண்டும். விரதமிருந்து தீச்சட்டி எடுத்த அசதியில் அந்த நாளையும் நம் பாடென்று எண்ணிவிட்டிருக்கிறேன். ஆடியிலிருந்து இரண்டு ஊரும் ஒன்றின் நாளில் மற்றது வலை போடுகிறது. நீ படம் பிடித்த புதன் ஆடிக்கு அப்புறம் வந்தது, அதனால் அது நம் பாடுதான். உன் படம் பொய்யில்லை. அதற்காகத் தலை கனக்காதே, அது உனக்கும் தெரியாது. அடுத்த வெள்ளிக்கிழமை ஊரைக் கூட்டச் சொல்லியிருக்கிறேன். அம்மன் முன்னால் விழப்போவது நான். கேமராவோடு வா. விழுவதை எடுக்காதே, எழுந்து நிற்பதை எடு.