தலைப்பிரசவமும் தேக்கு அலமாரியும்

டன்லப் ஸ்திரீட், சிங்கப்பூர்
20-11-1962

சிரம்பானில் இருக்கும் மாமா பரமசிவம் அவர்களின் சமூகத்துக்கு, மருமகன் மருதப்பன் பணிவுடன் எழுதிக்கொள்வது. இங்கே நாங்கள் இருவரும், மன்னிக்கவும், மூவரும் நலம். தாங்களும் அத்தையும் நலமாயிருக்க முருகன் துணை. 'பெண் குழந்தை, தாயும் சேயும் நலம், அலமாரி பற்றிக் கடிதம்' என்று நான் கொடுத்த தந்தியைப் படித்துத் தாங்கள் குழம்பியிருப்பீர்கள். விளக்கம் பின்வருமாறு.

தலைப்பிரசவத்துக்குப் பூவம்மாவைப் பிறந்த வீட்டுக்கு அனுப்பச் சொன்னீர்கள். "எல்லாம் நான் பார்த்துக்கொள்வேன்" என்று வீறாப்பாக மறுத்தேன். சொன்ன சொல்லைக் காப்பாற்ற, மருத்துவச்சி அல்போன்சம்மாள் கர்ப்பிணிகளுக்கு நடத்திய வகுப்பில் ஒரே ஆணாகப் போய் உட்கார்ந்தேன். பெண்கள் சிரித்தார்கள், இருந்தும் எழுந்திருக்கவில்லை. பிரசவம் மூன்று கட்டம், மாமா. முதல் கட்டத்தில் வலி விட்டு விட்டு வரும், கருப்பையின் வாய் மெல்லத் திறக்கும். தலைப்பிள்ளை என்றால் இதற்கே பன்னிரண்டு மணி நேரம் ஆகலாம். இரண்டாம் கட்டத்தில் குழந்தை இறங்கிப் பிறக்கும். மூன்றாவதில் நஞ்சுக்கொடி விழும். பஸ் கம்பெனியில் டைம்கீப்பராக இருப்பவனுக்கு இதைவிடத் தெளிவான அட்டவணை வேண்டுமா? நோட்டில் கோடு போட்டுக்கொண்டு தயாரானேன்.

ஞாயிறு காலை ஆறு மணிக்கு வலி கண்டது. ஆறோடு பன்னிரண்டைக் கூட்டினால் மாலை ஆறு. குவீன்ஸ்டவுன் புது வீட்டுச் சாவி கைக்கு வந்திருந்தது, அன்றைக்கென்று லாரியும் கிடைத்தது. நேரத்தை வீணாக்குவானேன் என்று, தாங்கள் சீராகக் கொடுத்த தேக்கு அலமாரியை மாடியிலிருந்து இறக்க முடிவெடுத்தேன். முடிவு முழுக்க என்னுடையது. கீழே மசாலாக் கடை வைத்திருக்கும் சேக் தாவூது அண்ணன் உதவிக்கு வந்தார். அலமாரியில் கட்டிய கயிற்றைப் படியின் மேல் கைப்பிடியில் சுற்றித் தளர்த்தியபடி, நாங்கள் இருவரும் கீழ்ப்பக்கம் நின்று தாங்க, அலமாரி ஏழு படி ஒழுங்காக இறங்கி, படி திரும்புகிற இடத்தில் நின்றுவிட்டது. ஏறவும் இல்லை, இறங்கவும் இல்லை. பூனை நுழையக்கூட இடமில்லை.

"தம்பி, இது அசைய மாட்டேங்குது லா," என்றார் அண்ணன்.

அந்த நேரம் பார்த்து மேலேயிருந்து பூவம்மாவின் குரல்: "ஏங்க, அல்போன்சம்மாவைக் கூப்பிடுங்க. இப்பவே கூப்பிடுங்க!"

மணி ஒன்பதரை. நோட்டின்படி இன்னும் எட்டரை மணி நேரம் பாக்கி. அவள் மேலே தனியாக, நான் கீழே, நடுவில் தங்கள் தேக்கு. கடைப் போனில் தகவல் சொன்னேன். அல்போன்சம்மாள் சைக்கிளில் வந்து இறங்கினார். அண்ணாந்து பார்த்தார்.

"மாதாவே! வகுப்புல என்ன சொன்னேன்? பிள்ளை நேரா வழுக்கிட்டா வருது? தாடையை நெஞ்சுல வச்சுக் குனியும். தலை திரும்பும். தலை வெளிய வந்ததும் மறுபடி பக்கவாட்டுல திரும்பும். அப்புறம் ஒரு தோள், பின்னாடியே இன்னொரு தோள். இதையும் அப்படித்தான் திருப்பணும், முரட்டுத்தனமா இழுக்கக் கூடாது. இது இறங்குற வரைக்கும் ரெண்டு பேரும் இந்த இடத்தை விட்டு நகரக் கூடாது, சொல்லிட்டேன்!"

சொல்லிவிட்டுப் பையை எடுத்துக்கொண்டு பின்சந்துப் பக்கம் போனார். இந்த நேரத்தில் காப்பி குடிக்கப் போகிறாரே, என்ன நெஞ்சழுத்தம் என்று எனக்கு ஆத்திரம் வந்தது. ஆனாலும் நகரக் கூடாது என்றாரே, நகரவில்லை. மேலே பூவம்மா அலறினாள். பொறுக்க மாட்டாமல், "அண்ணே, கோடாலி எடுங்க, பொளந்திடுவோம்," என்றேன். "எங்கப்பா குடுத்த அலமாரியில கைய வச்சீங்க, தெரியும் சேதி!" என்று உடனே மேலேயிருந்து பதில் வந்தது. வலியிலும் தங்கள் மகளுக்குக் காது நன்றாகவே கேட்கிறது.

பிறகு பாடத்தின்படியே செய்தோம். அலமாரியின் தலையைக் குனிய வைத்தோம். சுவர்ப்பக்கம் திருப்பினோம். கொஞ்சம் பொறுத்தோம். மறுபடி திருப்பினோம். ஒரு தோள் வந்தது, இன்னொரு தோளும் வந்தது. பதினொன்று இருபதுக்கு அலமாரி கடை வாசலின் ஐந்தடி நடைபாதையில் வந்து சேர்ந்தது. கண்ணாடி மட்டும் போயிற்று. அதே நிமிடம் மேலே குழந்தை அழுகிற சத்தம்! படிகளை மும்மூன்றாகத் தாவி ஓடினால், அல்போன்சம்மாள் அங்கே குழந்தையைத் துடைத்துக்கொண்டிருக்கிறார். அவ்வளவு கனத்த உடம்பை வைத்துக்கொண்டு என்னைத் தாண்டி எப்போது ஏறினார் என்பது இன்றுவரை எனக்கு விளங்கவில்லை. நான் வழி திறந்துவிட்டதால்தான் அவரால் நேரத்துக்குப் போய்ச்சேர முடிந்தது என்பது மட்டும் உறுதி.

ஆகவே, தங்கள் மகளை நான் குறைவின்றிப் பார்த்துக்கொண்டேன் என்பதை ஏற்று, அவளைச் சிரம்பானுக்கு அழைத்துப்போகும் எண்ணத்தைக் கைவிடும்படி கேட்டுக்கொள்கிறேன். அவள் இல்லாத வீட்டில் எனக்கு ஒரு பொழுதும் ஓடாது. அத்தைக்கு என் வணக்கம். பேத்திக்குத் தங்கள் இருவர் ஆசியும் வேண்டும்.

இப்படிக்கு,
தங்கள் மருமகன்
மருதப்பன்

பி.கு.: அப்பா, பூவம்மா எழுதுகிறேன். உறையை ஒட்டச் சொல்லி என்னிடம் கொடுத்தார், படித்துவிட்டேன். வலி சனிக்கிழமையே தொடங்கிவிட்டது. சொன்னால் நோட்டை எடுப்பார் என்று வாயைத் திறக்கவில்லை. முனகினாலே "எத்தனை நிமிஷம்?" என்று கேட்கிற மனுஷனை வைத்துக்கொண்டு எப்படிப் பிள்ளை பெறுவது? அலமாரியை இறக்கச் சொன்னதே நான்தான். வீட்டுக்குப் பின்னால் கக்கூஸ் வாளி எடுக்க வாளிக்காரர் ஏறிவரும் இரும்புப்படி இருக்கிறது. அல்போன்சம்மாள் அதில் ஏறி அப்போதே என் பக்கத்தில் வந்து உட்கார்ந்துவிட்டார். சேக் தாவூது அண்ணனுக்கும் இது தெரியும். உங்கள் மருமகனோ தினமும் காலையில் அந்தப் படியைப் பார்த்துக்கொண்டுதான் பல் துலக்குகிறார்.

இவர் எழுதாமல் விட்டது ஒன்று உண்டு. குழந்தையைக் கையில் வாங்கியதும் அப்படியே தரையில் உட்கார்ந்து தேம்பித் தேம்பி அழுதார். "தம்பி, இது எந்தக் கட்டம்? நோட்டுல இருக்கா?" என்று அல்போன்சம்மாள் கேட்டார். எனக்கும் அழுகை வந்துவிட்டது. இவரை விட்டு நான் எங்கும் வருவதாக இல்லை, அப்பா. ஆனால் புது வீடு நான்காம் மாடி, படி ஆறு இடத்தில் திரும்புகிறது. லாரியோடு வந்து அலமாரியை மட்டும் பிறந்த வீட்டுக்கு அழைத்துப் போங்கள்.